பதின்மூன்றாவது சோப்பு டப்பா

இதில் வரும் ஒவ்வொரு சொல்லும் உண்மை. வலது கையை நெஞ்சின் மேல் வைத்து, செருப்பைக் கழற்றிவிட்டு, வெறும் வயிற்றில் செய்யும் சத்தியம் இது. அப்படியும் நம்பிக்கை வராதவர்கள் தெருக்கோடி சலூன்காரரிடம் போய்க் கேட்டுக்கொள்ளலாம். நடந்ததில் பாதியை அவர் கண்ணால் பார்த்தவர். மீதிப் பாதிக்குச் சாட்சிக் கையெழுத்துப் போட்டவர்.

அக்கா நடத்திய முதியோர் இல்லத்தில் சாயங்காலம் பீரோவில் வைத்துப் பூட்டிய பணம், காலையில் திறந்து பார்த்தால் வயது குறைந்திருக்கும். திருட்டுப் போகாது, எலி கடிக்காது, எங்கேயும் தொலையாது. புது நோட்டாக உள்ளே போனது பழைய நோட்டாக வெளியே வரும், அவ்வளவுதான். பழையது என்றால் கிழிந்து ஒட்டுப்போட்டது இல்லை. அரசாங்கம் எப்போதோ செல்லாது என்று நிறுத்திவிட்ட அகல நோட்டு, மை வாசனை போகாமல், மடிப்பு விழாமல். கூடவே இந்தக் காலத்துப் பிள்ளைகள் பார்த்தே இராத சில்லறைக் காசுகள், நேற்று அடித்ததுபோல மினுங்கிக்கொண்டு. டீ விலை ஏறியது தெரிந்ததுபோல இதுவும் அந்தத் தெருவுக்குத் தெரிந்துதான் இருந்தது. யாரும் இதைப் பெரிதாகப் பேசவில்லை. டீ விலையைப் பற்றித்தான் பேசினார்கள்.

அக்கா முன்பு ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் வார்டு நர்ஸாக இருந்தவள். முப்பது வருஷம் அடுத்தவர் படுக்கையைத் தட்டிப் போட்ட பிறகு, கைக்கு வந்த ஓய்வுப் பணத்தை அப்படியே கொண்டுபோய், தெரு வளைகிற இடத்தில் ஒரு மாடிவீட்டை வாங்கினாள். கீழே ஏழு கட்டில், மேலே ஐந்து. வழியனுப்பு விழாவில் வார்டுக்காரர்கள் அவளுக்குக் கொடுத்தது ஒரு மூட்டை பிளாஸ்டிக் சோப்பு டப்பா. ஸ்டோர்காரர் நூறு கேட்க வேண்டிய இடத்தில் ஒரு சைபர் சேர்த்து எழுதிவிட்டதால் வந்த சீதனம் அது. அதில் பன்னிரண்டைத் தேய்த்துக் கழுவி, ஆளுக்கொன்றாகப் பெயர் ஒட்டி, பீரோவின் நடுத்தட்டில் அடுக்கினாள். பிள்ளைகள் மாதாமாதம் கொண்டுவந்து கொடுக்கும் கைச்செலவுப் பணம் அந்த டப்பாக்களில் இருந்தது. கொடுத்தவர்களுக்குக் கையோடு ரசீது. அந்த விஷயத்தில் அவளை யாரும் ஒரு சொல் சொல்ல முடியாது.

அவளுக்கு அப்போது ஐம்பத்தெட்டு வயது. அவளை அக்கா என்று கூப்பிட்ட பன்னிரண்டு பேரில் ஒருவருக்கும் எழுபத்தைந்துக்குக் குறைவில்லை. கணக்குப் பார்க்கவும் வேன் ஓட்டவும் கூடவே இருந்த அவளுடைய தம்பி ஒருநாள் கேட்டான்: "அது எப்படிக்கா, எண்பது வயசுக் கிழவர் உன்னப் போய் அக்காங்கிறாரு?"

"அவர் இருக்கிற வருஷத்துல நான்தானேடா மூத்தவ," என்றாள் அக்கா, துணி மடிப்பதை நிறுத்தாமல்.

சூட்சுமம் அதுதான். அந்த வீட்டில் ஒவ்வொருவரும் தனக்குப் பிடித்த ஒரு வருஷத்தில் குடியிருந்தார்கள். உடம்பு மட்டும் சாப்பாட்டுக்கும் மாத்திரைக்கும் இங்கே வந்துபோகும். பணம் விசுவாசமான ஜீவன். உரியவர் எங்கே இருக்கிறாரோ அங்கே அதுவும் போய்ச் சேர்ந்தது.

முதலில் அப்படிப் போனது டிக்கெட்காரரின் பணம். சினிமாக் கொட்டகையில் நாற்பது வருஷம் டிக்கெட் கிழித்துக் கொடுத்தவர். கவுண்டர் ஓட்டை வழியாகவே உலகத்தைப் பார்த்துப் பழகியதால், திறந்தவெளியில் நின்றாலும் சற்றுக் குனிந்துதான் பேசுவார். அவருடைய மகன் ஒரு மாதப் பிறப்பன்று ஆயிரம் கொண்டுவந்து கொடுத்தார். மறுநாள் காலை டப்பாவில் எட்டேகால் இருந்தது. அக்கா பீரோவைக் கவிழ்த்துத் தேடினாள், பிறகு தம்பியைக் கூப்பிட்டாள்.

"நீ எடுத்தியா?"

"எடுக்கிறவன் எட்டேகால எதுக்குக்கா வச்சுட்டுப் போறான்? உன் கல்யாண மொய்யா?"

அக்கா நேராக டிக்கெட்காரரிடமே போனாள். "அப்பா, உங்க பணம் எங்கிட்ட எவ்வளவு இருக்கு?"

"எட்டேகால்," என்றார் அவர், யோசிக்காமல். பிறகு குனிந்து, குரலைத் தாழ்த்தி, "ஏன்க்கா, அவசரத்துக்கு எடுத்துட்டீங்களா? பரவால்ல, சம்பளம் வந்ததும் குடுங்க."

அன்று சாயங்காலம் அவர் அந்தச் சில்லறையில் ஒரு காசை எடுத்துக்கொண்டு சவரத்துக்குப் போனார். காசை மேஜையில் வைத்ததும் சலூன் கண்ணாடியில் இருந்த விரிசல் மூடிக்கொண்டது. சுவரில் தொங்கிய காலண்டர் ஏதோ ஒரு பழைய வருஷத்துக்குப் போய் நின்றது. மூலையில் பல வருஷமாக ஊமையாக இருந்த ரேடியோ செய்தி வாசிக்க ஆரம்பித்தது. இதெல்லாம்கூடப் பெரிதில்லை, சலூன்காரரின் வழுக்கைத் தலையில் முன்நெற்றிச் சுருளோடு முழு முடியும் முளைத்து நின்றது. அவர் சவரம் செய்து முடித்து, அந்தக் காலத்து விலையையே வாங்கிக்கொண்டார். டிக்கெட்காரர் படி இறங்கியதும் விரிசல் திரும்பியது, வழுக்கையும் திரும்பியது. கடை அடைக்கும்போது பார்த்தால் கல்லாவில் இன்றைய விலைக்குச் சரியான பணம் இருந்தது. ஆக யாருக்கும் நஷ்டமில்லை. ஆனால் அன்று முதல் சலூன்காரர் டிக்கெட்காரருக்கு மட்டும் ரொம்ப மெதுவாகச் சவரம் செய்தார். கன்னத்தில் நுரை காய்ந்துபோகும், அவர் பாட்டுக்குக் கண்ணாடியைப் பார்த்துத் தன் தலையைச் சீவிக்கொண்டிருப்பார்.

உரியவர் கையால் கொடுத்தால்தான் காசு அப்படி வேலை செய்தது. தம்பி ஒரு தடவை டெலிபோன் அம்மாவின் காசைக் கடன் வாங்கிப் போய்ப் பெட்டிக்கடையில் சிகரெட் கேட்டான். கடைக்காரர் காசையும் அவனையும் ஏற இறங்கப் பார்த்து, "இதை மியூசியத்துல குடு தம்பி, உன்னையும் சேர்த்தே வச்சுக்குவாங்க," என்றார். தலையைச் சொறிந்துகொண்டு திரும்பி வந்தான்.

டெலிபோன் அம்மா என்பவர் இணைப்பகத்தில் காதில் கருவியை மாட்டிக்கொண்டு, இந்த ஊரையும் அந்த ஊரையும் கயிற்றால் கோத்துக்கொண்டிருந்தவர். அவர் ஒரே வருஷத்தில் நிலையாக இருக்கமாட்டார். வேலைக்குச் சேர்ந்த வருஷம், கல்யாண வருஷம், வீட்டுக்காரர் சைக்கிள் வாங்கிய வருஷம் என்று மூன்றுக்கும் இடையே போய்வந்துகொண்டிருப்பார். ஞாயிற்றுக்கிழமை மத்தியானத்தில் சாப்பாட்டு மேஜையின் ஒரு முனையில் டிக்கெட்காரர் குனிந்து உட்காருவார். பெரியவர்கள் வரிசையில் நிற்பார்கள். டெலிபோன் அம்மா எப்போதும் இரண்டு டிக்கெட் கேட்பார், ஒன்று தனக்கு, ஒன்று வேலையிலிருந்து நேராக வந்துவிடுவதாகச் சொல்லியிருந்த வீட்டுக்காரருக்கு. டிக்கெட்காரர் காசைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பார். சில வாரம் கிழித்துக் கொடுப்பார். சில வாரம் காசைத் தள்ளிவிட்டு, "இந்தக் காசு இன்னும் வரலியேம்மா," என்பார். "வந்துடும், ரெண்டு வருஷம் பொறுங்க," என்று டெலிபோன் அம்மா கோபித்துக்கொள்ளாமல் ஓரமாக நின்றுகொள்வார். படம் எதுவும் ஓடாது. வெள்ளைச் சுவரைப் பார்த்து எல்லோரும் மூன்று மணிநேரம் உட்கார்ந்திருப்பார்கள். இடைவேளையில் அக்கா டீ கொடுப்பாள். 

பன்னிரண்டு பேரில் ஒருவரைப் பற்றி மட்டும் அக்காவுக்கு வருத்தம் இருந்தது. அவர் பேசாதவர். வந்த நாளிலிருந்து ஒரு சொல் பேசவில்லை. வெளியூரில் நல்ல வேலையில் இருந்த அவருடைய மகள்தான் எல்லோரையும்விட அதிகப் பணம் அனுப்பினாள். காலையில் பார்த்தால் அவர் டப்பாவில் காசே இருக்காது. ஒரு புறா இறகோ, தீப்பெட்டி மேல் ஒட்டும் படமோ, சட்டைப் பொத்தானோ, கோலிக்குண்டோதான் கிடக்கும். பாவம், கையில் காசே இல்லாத ஏதோ ஒரு பஞ்ச வருஷத்தில் இருக்கிறார் என்று அக்கா முடிவு செய்தாள். இறகும் பொத்தானும் அவர் தோட்டத்தில் பொறுக்கி யார் கண்ணிலும் படாமல் டப்பாவில் போடுகிற குப்பை என்று நினைத்தாள். முப்பது வருஷம் வார்டில் இருந்த கை; டப்பாவைத் துடைத்து வைக்காவிட்டால் தூக்கம் வராது. தூக்கி எறியவும் மனசு வராததால் எல்லாவற்றையும் சமையலறை அலமாரியில் ஒரு கண்ணாடி பாட்டிலில் போட்டு வைத்தாள். கணக்கில் அவர் பெயருக்கு நேராக ஒரு சைபர் போட்டாள். அவருக்கு வேண்டிய மிட்டாய், சாக்ஸ் எல்லாம் தன் கைக்காசில் வாங்கினாள். அவர் தினமும் காலையில் பீரோ முன்னால் வந்து நிற்பார். துடைத்துப் பளபளவென்று இருக்கும் டப்பாவைப் பார்ப்பார். திரும்பிப் போய்விடுவார்.

இப்படி நடந்துகொண்டிருந்த வீட்டுக்கு ஒரு உரிமம் உண்டு. அதற்கு ஒரு விதியும் உண்டு. பெரியவர்களின் பணத்தை இல்லமே வைத்திருந்தால், எந்த மாதமானாலும் அதிகபட்சம் எவ்வளவு வைத்திருக்கும் என்று எழுதிக் கொடுக்க வேண்டும். அந்தத் தொகைக்கு ஏற்றபடி இன்ஷூரன்ஸ் கம்பெனியில் பணம் கட்டி ஒரு ஜாமீன் பத்திரம் வாங்க வேண்டும். நடத்துகிறவர் பணத்தை முழுங்கிவிட்டால் கம்பெனி பெரியவர்களுக்குத் திருப்பிக் கொடுக்கும். மிகச் சின்னத் தொகை என்றால் பத்திரம் வேண்டாம். நியாயமான விதிதான், யாரும் குறை சொல்லவில்லை. அக்கா பொய் எழுதத் தெரியாதவள் என்பதால், டப்பாக்களில் இருந்ததைக் கூட்டி எழுதினாள்: நாற்பத்தொன்றே முக்கால். அப்போதிருந்த அதிகாரி பெரிய உடம்புக்காரர். கூடத்து நாற்காலியை விட்டு எழுந்திருக்க மாட்டார். நாற்பத்தொன்றே முக்கால் என்றால் அவராகவே அதற்குப் பக்கத்தில் ஆயிரம் என்று மனசுக்குள் போட்டுக்கொண்டு, அப்படியென்றால் பத்திரம் எங்கே என்று கேட்க மறந்து, டீயைக் குடித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டுவிடுவார். இப்படியே பல புதுப்பிப்புகள் போயின. அவர் ஓய்வு பெற்றார். புது அதிகாரி வந்தார்.

ஒல்லியான மனிதர். சொந்தப் பேனா, சொந்த ஸ்டூல் தலையணை. படிவத்தில் ஒரு கட்டத்தைக்கூட வெறுமனே விட்டால் அவருக்குச் சாப்பாடு இறங்காது. நிரப்ப ஒன்றுமில்லாத கட்டத்தில் 'ஒன்றுமில்லை' என்று எழுதி அடிக்கோடும் போடுவார். வந்த அரைமணி நேரத்தில் டெலிபோன் அம்மா அவருக்குக் கட்டம் என்று பெயர் வைத்துவிட்டார்.

"நாற்பத்தொண்ணே முக்கால்னு எழுதியிருக்கீங்க. ஆயிரமா, நூறா?" என்றார் கட்டம்.

"நாற்பத்தொண்ணே முக்கால்தான் சார்."

"பன்னெண்டு பேருக்கும் சேர்த்தா? நீங்க குடுத்த ரசீதையெல்லாம் கூட்டினா லட்சத்துக்குப் பக்கமா வருதே. மிச்சம் எங்க?"

"எல்லாம் இங்கதான் சார் இருக்கு. வருஷம்தான் வேற."

அவர் டப்பாக்களை மேஜையில் பரப்பி எண்ணினார். டெலிபோன் அம்மாவின் காசை எண்ணிக்கொண்டிருக்கும்போதே, அந்த அம்மா பக்கத்தில் வந்து உட்கார்ந்து சைக்கிள் வாங்கிய கதையைச் சொல்ல ஆரம்பித்தார். கட்டத்தின் விரல்களுக்கிடையே காசுகள் சின்னதாகி, பெரிதாகி, ஓட்டை விழுந்து, ஓட்டை மூடிக்கொண்டன. மூன்று தடவை எண்ணினார், மூன்று தொகை வந்தது. "அம்மா, ஒரு அஞ்சு நிமிஷம் எதையும் நினைக்காம இருங்க," என்று கெஞ்சினார். "அது உங்களாலதான் முடியும்போல," என்றார் டெலிபோன் அம்மா. பேசாதவரின் டப்பா வந்தபோது கட்டம் பேனாவைக் கீழே வைத்தார். அதிகப் பணம் வந்த டப்பா அது. துடைத்த கண்ணாடிபோல வெறுமையாக இருந்தது.

"இங்க பாருங்கம்மா," என்றார் அக்காவிடம். அவர் ஒன்றும் கெட்ட மனிதர் இல்லை; குரலில் சங்கடம் இருந்தது. "இதை நான் கையாடல்னு எழுதணும். உரிமம் போயிடும். இவங்களை எங்கெங்க கட்டில் காலியா இருக்கோ அங்கங்க பிரிச்சு அனுப்பிடுவாங்க. மாசப் பிறப்புக்கு மறுபடி வரேன். அதுக்குள்ள ஏதாவது வழி இருந்தா பாருங்க."

அவர் போனதும் தம்பி குதித்தான். "ரசீதுல இருக்கிற தொகையையே எழுதிடுக்கா! பத்திரம் வாங்கிடலாம்."

"அந்தப் பத்திரத்துக்குக் கட்ட எங்கிட்ட ஏதுடா பணம்? சரி, கடன் வாங்கிக் கட்டினாலும், வந்து எண்ணிக் காட்டுன்னா நீ காட்டுவியா?"

"காட்டலன்னா நீ கம்பி எண்ணுவ. உனக்குச் சாப்பாடு எடுத்துட்டு வர நான் அலையணும்."

"நான் எண்ணிட்டுப் போறேன்டா. இவங்களை நெனச்சுப் பாரு. வேற இடத்துல காலையில எழுப்பி, இன்னைக்கு என்ன தேதின்னு கேப்பாங்க. தெரியலன்னா திருத்துவாங்க. டெலிபோன் அம்மாகிட்ட உங்க வீட்டுக்காரர் செத்துட்டார்னு தினமும் புதுசாச் சொல்லுவாங்க. தினமும் அவங்க புதுசா அழணும்."

தம்பி வாளியை எடுத்துக்கொண்டான். வேனைக் கழுவப் போய்விட்டான். ஏற்கெனவே கழுவிய வேன்.

மாதப் பிறப்பன்று பிள்ளைகள் வந்து பணம் கொடுத்துவிட்டுப் போன கையோடு கட்டம் வந்தார். வெறும் பேச்சில் அவருக்கு நம்பிக்கை இல்லை, சோதனையில் இருந்தது. எல்லோரும் பார்க்க ஒவ்வொரு டப்பாவிலும் புது நோட்டுகளை எண்ணி வைத்தார். அக்காவிடம் பதின்மூன்றாவதாக ஒரு சோப்பு டப்பா கேட்டு வாங்கினார். அதில் தன் சட்டைப்பையிலிருந்து ஒரு நோட்டை எடுத்து வைத்து, தன் பெயரை ஒட்டினார். "பீரோதான் மாத்துதுன்னா என்னோடதையும் மாத்தட்டும். எனக்கு இந்த வீட்டுல ஒரு சம்பந்தமும் இல்ல," என்றார். கதவுகளுக்குக் குறுக்கே காகிதப்பட்டை ஒட்டி அரக்கு முத்திரை வைத்தார். தெருவிலிருந்து சாட்சியாக சலூன்காரரைக் கூப்பிட்டார். பாதிச் சவரத்தில் இருந்த ஆளை நுரையோடு விட்டுவிட்டு அவர் வந்து காகிதத்தில் கையெழுத்துப் போட்டார். சாவியைக் கட்டம் தன்னோடு எடுத்துக்கொண்டு போனார்.

காலையில் முத்திரை அப்படியே இருந்தது. கையெழுத்து கலையவில்லை. கட்டம் பட்டையைக் கிழித்துப் பீரோவைத் திறந்தார். டிக்கெட்காரர் டப்பாவில் எட்டேகால். டெலிபோன் அம்மா டப்பாவில் ஓட்டைக்காசுகள். ஒவ்வொரு டப்பாவையும் உரியவர் முன்னால் வைத்து, திறக்கும் முன் தொகையைக் கேட்டார்; ஒவ்வொருவரும் சொன்னதும் உள்ளே இருந்ததும் பொருந்தின. பேசாதவரின் டப்பாவைத் திறந்தார். உள்ளே ஒரு நீலக் கோலிக்குண்டும், யானை போட்ட தீப்பெட்டிப் படமும் இருந்தன.

"இது என்ன?" என்றார் கட்டம்.

"அது, அவர் தோட்டத்துல பொறுக்கிட்டு வந்து..." என்று ஆரம்பித்த அக்கா அப்படியே நிறுத்தினாள். முத்திரை வைத்த பீரோ. சாவி அதிகாரி பையில். யாரும் எதையும் உள்ளே போட்டிருக்க முடியாது.  பேசாதவர் பஞ்ச வருஷத்தில் இல்லை. காசு என்றால் என்னவென்றே தெரியாத வருஷத்தில், ஆறு வயதில் இருக்கிறார். மகள் அனுப்பியதெல்லாம் ஒவ்வொரு நாளும் அவருடைய சொத்தாக மாறி வந்திருக்கிறது. அவள் ஒவ்வொரு நாளும் அதைத் துடைத்து எடுத்திருக்கிறாள். எல்லா டப்பாவையும் காத்தவள், ஒரே ஒரு டப்பாவை மட்டும் தினமும் தன் கையாலேயே காலி செய்திருக்கிறாள்.

சமையலறைக்குப் போய்க் கண்ணாடி பாட்டிலைக் கொண்டுவந்தாள். பேசாதவரின் மடியில் வைத்து, அவர் முன்னால் தரையில் உட்கார்ந்துகொண்டாள். "இதெல்லாம் உங்களோடதா?" என்றாள். முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

அவர் பாட்டிலைக் கவிழ்த்தார். இறகுகளையும் படங்களையும் ஒதுக்கினார். கோலிகளை வெளிச்சத்தில் தூக்கித் தூக்கிப் பார்த்தார். பிறகு, அந்த வீட்டுக்கு வந்தபின் முதல் தடவையாக, வாயைத் திறந்து பேசினார்.

"பச்சையக் காணோம்."

 கட்டம் அக்காவைப் பார்த்தார். அக்கா தம்பியைப் பார்த்தாள். தம்பி கொஞ்சநேரம் சுவரைப் பார்த்தான், பிறகு எழுந்து வெளியே போய், வேனின் கண்ணாடிக்குக் கீழே அழகுக்கு ஒட்டிவைத்திருந்த பச்சைக் கோலியைப் பிடுங்கிக்கொண்டு வந்தான். "பளபளன்னு இருந்துச்சுக்கா," என்றான், நாற்பத்தேழு வயதில்.

பேசாதவர் அதை வாங்கிக் கன்னத்தில் வைத்து உருட்டினார். அக்காவின் தலையில் லேசாகத் தட்டி, "அழாதக்கா, கெடச்சுடுச்சு," என்றார். கட்டம் பேனாவைத் திறந்து, அதற்குரிய கட்டத்தில் எழுதினார்: 'கையாடல், பச்சைக் கோலிக்குண்டு ஒன்று. எடுத்தவர், ஓட்டுநர். திருப்பிக் கொடுக்கப்பட்டது.' அடிக்கோடு போட்டார்.

மீதி இருந்தது பதின்மூன்றாவது டப்பா. அதை அவர் எல்லோருக்கும் முதுகைக் காட்டி நின்று திறந்தார். நோட்டு இல்லை. ஓரத்தில் நீலக்கோடு போட்ட ஒரு கைக்குட்டை, நான்காக மடித்து மூலையில் முடிச்சுப் போட்டு இருந்தது. முடிச்சுக்குள் சில்லறை. அவிழ்க்காமலே அவருக்குத் தெரியும்: பஸ்ஸுக்குப் போகவர ஒரு தொகை, நடுவில் ஒரு டீ. அவர் இந்த வேலையில் சேரப் புறப்பட்ட முதல் நாள், வாசல்வரை ஓடிவந்து அவருடைய அக்கா கொடுத்தது. இரட்டை முடிச்சு, பல்லால் கடித்து இறுக்கியது. அப்படி முடிச்சுப் போடத் தெரிந்த ஆள் உலகத்திலேயே அவள் ஒருத்திதான். அவள் போய்ப் பல வருஷம் ஆகிவிட்டது. சம்பந்தமே இல்லாத வீடு என்று நினைத்து வைத்த நோட்டு, அவரைக் கேட்காமலே அவர் குடியிருக்கும் வருஷத்தைக் கண்டுபிடித்துப் போய்விட்டது. அவர் டப்பாவை மெதுவாக மூடித் திரும்பவும் நடுத்தட்டிலேயே வைத்தார். அக்கா மற்ற டப்பாக்களை அடுக்க ஆரம்பித்தாள். அடுத்தவர் வருஷத்தை எட்டிப் பார்க்கும் பழக்கம் அவளுக்குக் கிடையாது.

பிறகு அவர் ஸ்டூலில் தலையணையைப் போட்டு உட்கார்ந்து படிவத்தை நிரப்பினார். யாருடைய பணம் என்ற கட்டத்தில், 'பிள்ளைகளுடையது அல்ல, பெரியவர்களுடையது' என்று போட்டார். அதிகபட்சத் தொகை என்ற கட்டத்தில் வெகுநேரம் பேனாவை வைத்துக்கொண்டிருந்துவிட்டு, 'உரியவர் சொல்வது' என்று எழுதினார். தொகை ஒரு நிலையில் இல்லாததால் ஜாமீன் பத்திரம் கட்டாயம் என்றும் எழுதினார். அதில் மட்டும் அவர் விட்டுக்கொடுக்கவில்லை. அக்காவின் முகம் சுருங்கியது. அப்போது டிக்கெட்காரர்தான் குனிந்து சொன்னார்: "பணம் எங்களோடதுதானே? நாங்களே போய்க் கட்டினா வாங்கமாட்டானா?"

பன்னிரண்டு பேரையும் ஏற்றிக்கொண்டு வேன் இன்ஷூரன்ஸ் கம்பெனிக்குப் போனது. கம்பெனி காசாளர் கண்ணாடிக்குப் பின்னால் சிடுசிடுவென்று உட்கார்ந்திருந்தார். டிக்கெட்காரர் கவுண்டர் ஓட்டையின் இந்தப் பக்கம் நிற்பது வாழ்க்கையில் அதுதான் முதல் தடவை. கொஞ்சம் கூச்சத்தோடு காசை உள்ளே தள்ளினார். காசாளருக்கு மீசை கறுத்தது. மேஜையில் இருந்த கணிப்பொறி தட்டச்சுப் பொறியானது. அவர் விலைப்பட்டியலைப் பார்த்து அந்தக் காலத்துக் கட்டணத்தைச் சொன்னார். ஆளுக்கு இரண்டு காசு. டெலிபோன் அம்மா கொடுத்தபோது சற்றுத் தயங்கி, "இது இன்னும் வரலியே," என்று அவரும் சொன்னாராம், ஆனால் வாங்கிக்கொண்டார். பேசாதவர் கடைசியாக வந்து நீலக் கோலியை வைத்தார். பச்சையைக் கொடுக்கவில்லை. காசாளர் கோலியைப் பார்த்தார், அப்படியே ஆறு வயதுச் சிரிப்பொன்று சிரித்தார், பத்திரத்தில் முத்திரையைக் குத்தினார். அந்தக் கோலி கம்பெனியின் இரும்புப் பெட்டியில் இன்னும் இருக்கிறது. வருஷாவருஷம் தணிக்கைக்காரர்கள் அதைத் தூக்கிப் பார்த்து, சரியாக இருக்கிறது என்று எழுதிவிட்டுப் போகிறார்கள்.

உரிமம் புதுப்பிக்கப்பட்டுக் கூடத்தில் கண்ணாடி போட்டு மாட்டப்பட்டது. அதன்பிறகு அக்கா பேசாதவரின் டப்பாவைத் துடைக்கவேயில்லை. மூடி மூடாமல் நிரம்பியதும் இன்னொரு டப்பா எடுத்துக் கொடுத்தாள். மூட்டையில்தான் நிறைய இருந்தனவே. டிக்கெட்காரர் ஒரு ஞாயிற்றுக்கிழமை இடைவேளைக்கு முன்னால் கண்மூடினார். அவர் டப்பாவில் அன்று எட்டேகால் அப்படியே இருந்தது. அவருடைய மகன் வந்து அதை எடுத்தபோது, அது அவர் கையில் ஆயிரமாகவே மாறியது. மகன் அதைப் பார்த்துச் சந்தோஷப்பட்டிருக்க வேண்டும். ஆனால் வாசற்படியில் உட்கார்ந்து அழுதார், எட்டேகாலாகவே இருந்திருக்கக் கூடாதா என்று. மேஜையின் முனையில் டிக்கெட் கிழிக்கும் வேலையை டெலிபோன் அம்மா எடுத்துக்கொண்டார். எந்த வருஷத்துக் காசையும் அவர் தள்ளிவிட்டதில்லை.

கட்டம் ஓய்வு பெற்ற மறுநாள் ஒரு சின்னப் பெட்டியும் ஸ்டூல் தலையணையுமாக வந்து நின்றார். கூடத்து ஜன்னலோரம் பதின்மூன்றாவது கட்டில் போடப்பட்டது. டப்பா ஏற்கெனவே இருந்தது. தினமும் காலையில் அவர் பீரோ முன்னால் வந்து நின்று, கைக்குட்டையை வாங்கி, தலையை நன்றாக வாரிக்கொண்டு பஸ் ஏறிப் போவார். கண்டக்டர் ஒன்றும் சொல்லாமல் டிக்கெட் கொடுப்பார். மத்தியானம் திரும்பி வந்து படியில் செருப்பைக் கழற்றும்போது அக்கா உள்ளேயிருந்து கேட்பாள்: "வேலை கெடச்சுதா?"

"கெடச்சுதுக்கா," என்பார் அவர், மூச்சு வாங்க. "நாளையிலிருந்து வரச் சொல்லிட்டாங்க."

நாள் தவறாமல் இது நடந்தது. இத்தனைக்கும் சாட்சி சலூன்காரர். கையெழுத்துப் போட்ட காகிதப்பட்டையைக்கூட அக்கா பத்திரமாக வைத்திருக்கிறாள்.

அந்தத் தெருக்கோடியில் இருப்பது ஒரு மதில் சுவர். அங்கே எந்தக் காலத்திலும் சலூன் இருந்ததில்லை.